ஆம்புலன்ஸ் குட்டி

ஒருத்தி பதினான்கு வருஷமாக ஒரே வேலையைச் செய்கிறாள். அது என்ன வேலை என்று அவளுடைய சொந்தக்காரர்களில் ஒருவருக்காவது தெரியுமா என்றால், சத்தியமாகத் தெரியாது. கேட்காமல் இருந்தாலும் பரவாயில்லை, தொலையட்டும் என்று விட்டுவிடலாம். பார்க்கும்போதெல்லாம் கேட்பார்கள். கேட்டுவிட்டு, பதில் பாதி வருவதற்குள் அடுத்த ஆளைப் பார்த்து, "எப்ப வந்தீங்க?" என்பார்கள்.

வீட்டில் எல்லோருக்கும் அவள் குட்டி. நாற்பத்தொரு வயது, காதோரம் நரை, மூக்கில் கண்ணாடி. ஆனாலும் குட்டிதான். உயிர் போகிற அவசரம் என்றால் ஊரே ஒரு மூன்றிலக்க எண்ணை அழுத்துகிறதல்லவா, அந்த அழைப்பை எடுத்துப் பேசுகிறவர்களில் அவளும் ஒருத்தி. வேலை அவ்வளவுதான், ஒரு வரியில் சொல்லிவிடலாம். அவளும் சொல்லத்தான் செய்தாள். அதைக் கேட்ட அத்தை, "ஓ, ரிசப்ஷனா?" என்றாள். சித்தப்பா அவளை நர்ஸ் என்றே முடிவு கட்டிவிட்டார். எங்கே பார்த்தாலும் சட்டைக் கையை மடித்துவிட்டு, பிரஷர் பார் என்று நீட்டுவார். ஒரு மாமாவோ அவள் ஆம்புலன்ஸ் ஓட்டுகிறாள் என்று நினைத்து, "ராத்திரியில தனியா வண்டி ஓட்ட பயமா இல்லையாம்மா?" என்று நாலு வருஷம் விசாரித்துக்கொண்டிருந்தார். இன்னொருவர், "போன்ல பேசறதுக்குச் சம்பளமா? எங்க வீட்ல ஒருத்தி சும்மாவே பேசறா" என்று சொல்லிவிட்டு, தானே விழுந்து விழுந்து சிரித்தார்.

குட்டி ஒவ்வொரு தடவையும் பொறுமையாகத் திருத்துவாள். நர்ஸ் இல்லை, டிரைவர் இல்லை, வண்டி அனுப்புகிறவளும் இல்லை. போன் வரும், எடுப்பேன், முகவரி கேட்பேன், என்ன ஆச்சு என்று கேட்பேன், வண்டி வருகிறவரை என்ன செய்ய வேண்டும் என்று சொல்லிக் கொடுப்பேன். "அதான் சொன்னேனே, ரிசப்ஷன்" என்பாள் அத்தை.

ஆனால் அண்ணன் அப்படி இல்லை. அண்ணனுக்கு அவளைவிடப் பதின்மூன்று வயது கூட. அப்பாவும் அம்மாவும் அடுத்தடுத்துப் போனபோது குட்டிக்கு வயது ஒன்பது. பள்ளிக்கூடத்தில் கையெழுத்துப் போட்டது, காய்ச்சலில் பக்கத்தில் உட்கார்ந்திருந்தது எல்லாமே அண்ணன்தான். அவர் அச்சகத்தில் தாள் வெட்டும் இயந்திரத்தில் வேலை பார்த்தார். அவருக்கும் இதே தலைவலிதான். "நீதான் அச்சகத்துல இருக்கியே, நூறு விசிட்டிங் கார்டு அடிச்சுக் குடு" என்று எவனாவது வந்து நிற்பான். "நான் அடிக்கறவன் இல்லப்பா, வெட்டறவன்" என்று முப்பது வருஷமாகச் சொல்லிச் சொல்லி அவருக்கு வாய் வலித்ததுதான் மிச்சம். பிறத்தியார் வேலையை அரைகுறையாகப் புரிந்துகொள்கிற ஜனங்களைக் கண்டாலே அவருக்கு எரிச்சல் வரும். அப்படிப்பட்ட மனுஷன் தங்கச்சி விஷயத்தில் மட்டும் எப்படிக் கோட்டை விட்டார் என்பதுதான் குட்டிக்கு இன்றைக்கும் ஆறவில்லை.

சித்தப்பா வேலையிலிருந்து ஓய்வு பெற்ற மாதம், எல்லோரையும் ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியச் சாப்பாட்டுக்குக் கூப்பிட்டிருந்தார். வழக்கம்போல் அத்தை ஆரம்பித்தாள்: "குட்டி இன்னும் அந்த ரிசப்ஷன்லதான் இருக்காளா?" குட்டி வாயைத் திறப்பதற்குள் அண்ணன் தட்டை ஒதுக்கி வைத்தார்.

"ரிசப்ஷனா? என்ன அத்தை நீங்க. ஊர்ல இருக்கற அத்தனை ஆம்புலன்ஸும் என் தங்கச்சி கையில இருக்கு. அவ ஒரு வார்த்தை சொன்னா வண்டி பறந்து வரும். எத்தனை உயிரைக் காப்பாத்தியிருக்கா தெரியுமா?"

பதினான்கு வருஷத்தில் முதல் தடவையாக எல்லோரும் குட்டியை நிமிர்ந்து பார்த்தார்கள். அண்ணன் முகத்தில் அப்படி ஒரு பூரிப்பு. அண்ணன் சொன்னது தப்பு என்று அவளுக்குத் தெரியும். சொல்லியிருக்கலாம். அண்ணா, அது அப்படி இல்லை என்று நாலு வார்த்தை போதும். வாய் வரவில்லை. தலையைக் குனிந்து சிரித்துக்கொண்டாள். அத்தை உடனே கைபேசியை எடுத்து, "உன் நம்பரைச் சொல்லு" என்றாள். சித்தப்பா வாங்கிக்கொண்டார், மாமா வாங்கிக்கொண்டார். அண்ணன் தன் கைபேசியில் ஏற்கெனவே இருந்த 'குட்டி'யை அழித்துவிட்டு, 'ஆம்புலன்ஸ் குட்டி' என்று மாற்றி எல்லோருக்கும் காட்டினார்.

கிளம்பும்போது கேட் பக்கத்தில் நின்று அண்ணன் மெதுவாகக் கேட்டார். "ஏன் குட்டி, நிஜமாவே நான் உனக்குப் போன் பண்ணா உடனே வண்டி வந்துடுமில்ல?"

"உங்களுக்கு வராம வேற யாருக்கு வரும்?" என்றாள் குட்டி.

விளையாட்டுக்குச் சொன்னது. அன்பில் வந்த வார்த்தை. ஆனால் சொன்னது சொன்னதுதான்.

குட்டி வேலை செய்யும் அறைக்கு ஜன்னல் கிடையாது. நாலு இருக்கை, நாலு திரை, காதில் மாட்டிக்கொள்ளும் கருவி. மணி அடித்தால் யார் காலியாக இருக்கிறாரோ அவருக்குப் போகும். நாலு பேரும் பேசிக்கொண்டிருந்தால் சுவரில் ஒரு சிவப்பு விளக்கு எரியும். வெளியே யாரோ காத்திருக்கிறார் என்று அதற்கு அர்த்தம். எடுத்தவுடன் முதல் கேள்வி முகவரி. என்ன ஆச்சு என்பதுகூட அப்புறம்தான். ஏனென்றால் பாதியில் தொடர்பு அறுந்தாலும் முகவரி இருந்தால் வண்டி போய்விடும். அழைத்தவர் சொன்ன முகவரியை உரக்க இரண்டு தரம் திருப்பிச் சொல்ல வேண்டும். கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம் இருக்கிற வேறொரு ஆள்தான் எந்த வண்டி போவதென்று முடிவு செய்வார். சும்மா நிற்கும் வண்டி திரையில் பச்சைப் புள்ளி, கிளம்பிய வண்டி மஞ்சள், நோயாளி ஏறிவிட்டால் சிவப்பு. குட்டியால் பார்க்க முடியும், தொட முடியாது.

சொந்தக் கைபேசியை உள்ளே கொண்டுவரக் கூடாது. முன்பு எவனோ ஒருவன், அழைத்தவரின் அழுகையைப் பதிவு செய்து நண்பர்களுக்கு அனுப்பிவிட்டானாம். அன்றிலிருந்து வேலைக்கு வந்ததும் கைபேசியை டீ வைத்திருக்கும் இடத்தை ஒட்டிய இரும்பு லாக்கரில் பூட்டிவிட வேண்டும். இடைவேளையில்தான் திறக்கலாம். இது அண்ணனுக்குத் தெரியாது. அண்ணிக்கும் தெரியாது. யாரும் கேட்டதில்லை, அவளும் சொன்னதில்லை.

அன்று புதன்கிழமை. எட்டு மணிக்குக் குட்டி லாக்கரைப் பூட்டினாள்.

ஒன்பது மணிக்கு அண்ணன் வேலைக்குக் கிளம்பச் சட்டை மாட்டினார். வலது கை விரலுக்குப் பொத்தான் அகப்படவில்லை. "வயசாயிடுச்சு, பொத்தானே என்னை ஏமாத்துது" என்று அண்ணியிடம் சிரித்தாராம். சிரித்தபோது வாய் ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டது. கையிலிருந்த டம்ளர் நழுவியது. அண்ணி கைபேசியை எடுத்தாள். மூன்றிலக்க எண்ணை அழுத்தப் போனவளின் கையை அண்ணன் இடது கையால் பிடித்துக்கொண்டார்.

"அதுல போட்டா... வரிசையில நிக்கணும். குட்டிக்குப் போடு." நாக்குக் குழறினாலும் சொல்லிவிட்டார். அவர் வாயிலிருந்து முழுசாக வந்த கடைசி வாக்கியம் அது.

அண்ணி போட்டாள். எடுக்கவில்லை. மறுபடி போட்டாள். ஆறு தடவை போட்ட பிறகு, 'அண்ணனுக்கு வாய் கோணிடுச்சு. கை வரல. உடனே வண்டி அனுப்பு' என்று செய்தி அனுப்பினாள். இரண்டு டிக் விழுந்தது. அப்பாடா என்று இருந்தது அவளுக்கு. தகவல் போய்ச் சேர்ந்துவிட்டது, இனிமேல் குட்டி பார்த்துக்கொள்வாள். அண்ணனைக் கட்டிலில் சாய்த்துப் படுக்க வைத்தாள். மருத்துவச் சீட்டுகள், துண்டு, மாற்று உடை எல்லாவற்றையும் பையில் போட்டு வாசலில் வைத்தாள். ஆம்புலன்ஸ் உள்ளே வர வசதியாகப் பச்சை கேட்டின் இரண்டு கதவையும் விரியத் திறந்து கல்லை முட்டுக்கொடுத்தாள். பிறகு வாசல்படியில் உட்கார்ந்து தெருவைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

எதிர்வீட்டுக்காரர் காரை வெளியே எடுத்தபோது பையைப் பார்த்துவிட்டு விசாரித்தார். விஷயம் தெரிந்ததும், "ஏறுங்க, நானே கொண்டுபோய் விடறேன்" என்றார். நல்ல மனுஷன்.

"வேண்டாங்க. குட்டிக்குச் சொல்லியாச்சு, வண்டி வந்துட்டே இருக்கு. அது வந்து இங்க ஆள் இல்லைன்னா அவளுக்குத்தானே கெட்ட பேரு?" என்றாள் அண்ணி. அவர் நம்பிப் போய்விட்டார். நம்பாமல் என்ன செய்வார்? அவருக்கும் அண்ணன் எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறாரே.

அதே நேரம் குட்டி என்ன செய்துகொண்டிருந்தாள் என்று கேட்டால் வயிறு எரியும். யாரோ ஒரு பெண், குளியலறையில் விழுந்துகிடந்த கணவனுக்கு மூச்சில்லை என்று அலறிக்கொண்டிருந்தாள். நெஞ்சில் எங்கே கை வைக்க வேண்டும், எவ்வளவு அழுத்த வேண்டும் என்று சொல்லிக் கொடுத்து, குட்டி பதினோரு நிமிஷம் எண்ணினாள். ஒண்ணு, ரெண்டு, மூணு, நாலு. நிறுத்தாதீங்கம்மா, கை வலிச்சாலும் நிறுத்தாதீங்க. ஒண்ணு, ரெண்டு, மூணு, நாலு. வண்டி போய்ச் சேர்ந்ததும் இணைப்பு அறுந்தது. அந்த ஆள் பிழைத்தானா இல்லையா என்று அவளுக்குத் தெரியாது. ஒருபோதும் தெரிவதில்லை, அதுதான் அந்த வேலை.

பத்தேகாலுக்கு அவளுடைய டீ இடைவேளை. பக்கத்து இருக்கைக்காரருக்குச் சர்க்கரை வியாதி. காலையில் சாப்பிடாமல் வந்துவிட்டு, முகம் வெளுத்து உட்கார்ந்திருந்தார். "நீங்க முதல்ல போய்ட்டு வாங்க சார், நான் அப்புறம் போறேன்" என்று தன் முறையை அவருக்குக் கொடுத்துவிட்டாள். போயிருந்தால் லாக்கரைத் திறந்திருப்பாள். அவர் திரும்பி வந்ததும் அழைப்புகள் குவிந்துவிட்டன. ஒருவனுக்கு விரலில் கத்தி பட்டிருந்தது, ஒரு பாட்டிக்கு விக்கல் நிற்கவில்லை. எவனோ ஒருவன் பந்தயத்துக்குப் போன் செய்து சிரித்துவிட்டு வைத்தான். எல்லோருக்கும் பதில் சொன்னாள். யாருடைய அழைப்பையும் அவள் விடவில்லை.

நடுவே கொஞ்சம் மூச்சுவிட நேரம் கிடைத்தபோது திரையைப் பார்த்தாள். அண்ணன் வீட்டுக்குப் பின்தெருவில் பெட்ரோல் பங்க் உண்டு. அங்கே பதினேழாம் எண் வண்டி காலையிலிருந்து பச்சைப் புள்ளியாக நின்றுகொண்டிருந்தது.

"பாருங்க சார், எங்க அண்ணன் வீட்டுக்குப் பின்னாடி வண்டி சும்மாவே நிக்குது. அந்தப் பக்கம் எல்லாரும் நல்லா இருக்காங்க போல" என்றாள்.

"நல்லா இருக்கட்டும். நமக்கு அதானே வேணும்" என்றார் பக்கத்து இருக்கைக்காரர்.

பதினொன்றே முக்காலுக்கு அவருக்கு ஓர் அழைப்பு வந்தது. வழக்கமான கேள்வி, வழக்கமான குரல். குட்டி அப்போது காலியாக இருந்தாள். அவர் உரக்கத் திருப்பிச் சொன்னார்.

"முப்பத்தாறு, தண்ணித்தொட்டித் தெரு, பச்சை கேட். சரிதானேம்மா? முப்பத்தாறு, தண்ணித்தொட்டித் தெரு, பச்சை கேட்."

அது குட்டியின் அண்ணன் வீடு. பக்கத்து இருக்கைக்காரர் தன் பாட்டுக்குக் கேட்டுக்கொண்டே போனார். "நினைவு இருக்கா? கூப்பிட்டா கண்ணைத் திறக்கறாரா? எப்ப ஆரம்பிச்சது?" பிறகு சுவர்க்கடிகாரத்தைப் பார்த்தார். "ஒம்பது மணிக்கா?"

இவ்வளவு நேரம் ஏன் கூப்பிடவில்லை என்று அழைத்தவரைக் கேட்கக் கூடாது என்பது அங்கே சட்டம். அவர் கேட்கவில்லை. மறுமுனையில் அண்ணி தானாகவே சொல்லியிருக்க வேண்டும். ஏனென்றால் அவர், "யாருக்குச் சொல்லியிருந்தீங்க? இங்கயா? இங்க வேலை செய்யறவங்களுக்கா?" என்று கேட்டுக்கொண்டே மெல்லத் திரும்பிக் குட்டியைப் பார்த்தார்.

சொந்தக்காரர் அழைப்பு என்று தெரிந்தால் அதில் தலையிடக் கூடாது, இருக்கையை விட்டு எழுந்து நிற்க வேண்டும். அதுவும் சட்டம். குட்டி எழுந்தாள். முன்பின் தெரியாதவனுக்காகப் பதினோரு நிமிஷம் எண்ணியவள், சொந்த அண்ணனுக்கு ஒரு வார்த்தை சொல்ல முடியாமல் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு நின்றாள். திரையில் பதினேழாம் வண்டி பச்சையிலிருந்து மஞ்சளானது. வீட்டு வாசலுக்குப் போய்ச் சேர அதற்கு மூன்றே நிமிஷம் பிடித்தது. கூப்பிட்டிருந்தால் ஒன்பது மணிக்கும் மூன்று நிமிஷம்தான் பிடித்திருக்கும்.

லாக்கரில் சாவியை நுழைக்க அவளால் முடியவில்லை. மேற்பார்வையாளர் அம்மாதான் திறந்து கொடுத்தார். இருபத்தாறு தவறிய அழைப்பு. அதற்குக் கீழே அண்ணியின் செய்தி. குட்டி அதே இடத்தில் தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

மருத்துவமனையில் டாக்டர் இளம் வயதுக்காரர், சுற்றி வளைக்கவில்லை. "மூளையில ரத்தக் குழாய் அடைப்பு. சீக்கிரம் வந்தா அடைப்பைக் கரைக்க ஊசி போடலாம். ஸ்கேன்ல பாதிப்பு ரொம்பப் பெரிசாயிடுச்சு. இனிமே போட்டா ரத்தம் கசிஞ்சு ஆபத்தாயிடும். உயிருக்குப் பயமில்லை. ஆனா வலது பக்கமும் பேச்சும்... பார்க்கலாம்" என்றார். பிறகு சீட்டைப் பார்த்துக்கொண்டே, "வீட்ல யாருக்கும் இதைப் பத்தி ஒண்ணும் தெரியாதா?" என்று கேட்டார். வாய் கோணினால், கை விழுந்தால், பேச்சுக் குழறினால் ஒரு நிமிஷமும் தாமதிக்காதீர்கள் என்று மாதத்துக்கு முப்பது பேருக்குச் சொல்கிறவள் குட்டி.

அண்ணி நடைபாதை பெஞ்சில் அந்தப் பையை மடியில் வைத்தபடி உட்கார்ந்திருந்தாள். குட்டியைத் திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். அறைந்திருந்தால் இன்னும் நன்றாக இருந்திருக்கும்.

"ரெண்டு டிக் விழுந்துச்சு குட்டி. நீ பாத்துட்டேன்னு நினைச்சேன். வாசல்லயேதான் உக்காந்திருந்தேன். ஒவ்வொரு சத்தத்துக்கும் எழுந்து எழுந்து பாத்தேன். நடுநடுவே உனக்கே போட்டுப் போட்டுப் பாத்து, கடைசியில அவரு கண்ணைத் திறக்கலைன்னதும்தான் அந்த மூணு நம்பரை அழுத்தினேன்" என்றாள். குட்டி அவள் மடியில் முகத்தைப் புதைத்துக்கொண்டு அழுதாள். அவள் சாகும்வரை அந்த அழுகை தீரப்போவதில்லை.

ஐந்து வாரம் கழித்து அண்ணன் வீட்டுக்கு வந்தார். வலது கை மடியில் கிடந்தது. பேச்சு வரவில்லை. எதைச் சொல்ல நினைத்தாலும், "கு... கு..." என்றுதான் வந்தது. தண்ணீர் வேண்டுமென்றாலும் அதுதான், மின்விசிறியை நிறுத்தச் சொன்னாலும் அதுதான். பேச்சுப் பயிற்சி கொடுக்க வந்த பெண், "இது எந்த வார்த்தையோட தொடக்கம்?" என்று கேட்டபோது அண்ணி வேறு பக்கம் திரும்பிக்கொண்டாள்.

அந்த ஞாயிற்றுக்கிழமை சொந்தக்காரர்கள் எல்லோரும் பார்க்க வந்தார்கள். கட்டிலைச் சுற்றி நாற்காலி போட்டு உட்கார்ந்து, அண்ணனுக்குக் காதே கேட்காது என்பதுபோல் பேசினார்கள்.

"பெட்டியில வச்சுப் பூட்டிட்டாளாமே போனை" என்றாள் அத்தை. "அவ்வளவு பெரிய வேலையா? ரிசப்ஷன்தானே?"

"அது என்னவோப்பா. ஊருக்கெல்லாம் வண்டி அனுப்பறவ, கூடப் பிறந்தவனுக்கு ஒண்ணு அனுப்ப முடியலையா?" என்றார் மாமா.

குட்டி அடுக்களை வாசலில் நின்றுகொண்டிருந்தாள். பதினான்கு வருஷம் அடக்கி வைத்திருந்த பொறுமை அன்று அறுந்துவிட்டது.

"நான் வண்டி அனுப்பறவ இல்ல மாமா. என்கிட்ட வண்டியே இல்ல. நர்ஸும் இல்ல, டிரைவரும் இல்ல. போன் அடிச்சா எடுப்பேன். யாருன்னு தெரியாது. எங்க இருக்கீங்கன்னு கேப்பேன். அவ்வளவுதான் என் வேலை. எனக்குப் போன் போட்டா ஒண்ணும் வராது. அந்த மூணு நம்பரை அழுத்தினாத்தான் வரும். தெருவுல போற பிச்சைக்காரன் அழுத்தினாலும் வரும். எங்க அண்ணன் அழுத்தலை. நான்தான் அழுத்த விடாம பண்ணிட்டேன். உங்க எல்லார் முன்னாடியும் பெருமையா இருந்துச்சுன்னு வாயை மூடிக்கிட்டேன்."

அத்தை முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். புரிந்துவிட்டது என்று குட்டி நினைத்தாள். அப்படி நினைத்தவளை என்னவென்று சொல்வது?

சித்தப்பா எழுந்து வந்து அவள் தலையில் கை வைத்தார். "சரி விடும்மா. நடந்தது நடந்துபோச்சு. உன்னை யாரும் குத்தம் சொல்லலை." பிறகு குரலைத் தாழ்த்திக்கொண்டு கைபேசியை எடுத்தார். "உன் நம்பர் அதேதானே? மாத்தலையே? உங்க சித்திக்கும் இப்பல்லாம் அடிக்கடி நெஞ்சு படபடங்குது. ஒரு அவசரம்னா உன்னைத்தானே கூப்பிடணும்?"

குட்டி அவரையே பார்த்தாள். கோபம்கூட வரவில்லை, கோபப்படத் தெம்பு இல்லை. அவர் கையிலிருந்து கைபேசியை வாங்கினாள். அதில் தன் பெயரைத் தேடி எடுத்து, தன் எண்ணை ஒவ்வொரு இலக்கமாக அழித்தாள். அந்த இடத்தில் மூன்றிலக்க எண்ணைப் போட்டுச் சேமித்தாள். பெயரை மட்டும் மாற்றவில்லை.

"இந்தாங்க சித்தப்பா. இனிமே என்னைக் கூப்பிட்டா உடனே எடுப்பாங்க."

"அதானே பார்த்தேன்" என்றார் சித்தப்பா.

பிறகு அத்தையிடம் கை நீட்டினாள். மாமாவிடம் நீட்டினாள். எல்லோரும் கொடுத்தார்கள், ஏதோ சரிபார்க்கிறாள் என்று நினைத்து. ஒவ்வொன்றிலும் தன் எண்ணை அழித்து, தன் பெயருக்கு நேரே மூன்றிலக்க எண்ணைப் போட்டாள். இனி ஒரு பிறந்தநாள் வாழ்த்துக்குக்கூட அவர்கள் யாரும் அவளைப் பிடிக்க முடியாது. அது போகட்டும் என்று இருந்தது அவளுக்கு. அண்ணியும் பேசாமல் தன்னுடையதை எடுத்துக் கொடுத்தாள். அவளுக்கு மட்டும் புரிந்திருந்தது. "உன் நம்பர் எனக்கு மனப்பாடம்" என்றாள்.

எல்லோரும் கொடுப்பதைப் பார்த்துக்கொண்டிருந்த அண்ணன், தலையணைப் பக்கத்தில் கிடந்த தன் கைபேசியை இடது கையால் எடுத்து அவளிடம் நீட்டினார். 'ஆம்புலன்ஸ் குட்டி'. அதிலிருந்த எண்ணை அழிக்கத்தான் அவளுக்கு மனமே வரவில்லை. ஆனாலும் அழித்து, அந்தப் பெயருக்கு நேரே மூன்றிலக்க எண்ணைப் போட்டாள். நாளைக்கு இன்னொரு தடவை வாய் இழுத்தால், அண்ணி பக்கத்தில் இல்லாமல் போனால், அவர் விரல் எங்கே போகும் என்று அவளுக்குத் தெரியாதா?

ஒரு வாரம் போயிருக்கும். காலை பதினொரு மணி. நாலு இருக்கையும் ஓய்வில்லாமல் பேசிக்கொண்டிருந்தன. பக்கத்து இருக்கைக்காரர் ஓர் அழைப்பை முடித்துவிட்டு, "ரெண்டு நாளா ஒரு நம்பர்லேர்ந்து வருது. முகவரி கேட்டா யாரும் பேச மாட்டேங்கறாங்க. பின்னாடி ஒரு அம்மா வந்து, தெரியாம பட்டுடுச்சு, மன்னிச்சுக்கங்கன்னு வைக்கறாங்க" என்றார். அவர் சொல்லி முடிக்கும்போது குட்டிக்கு மணி அடித்தது.

"அவசர உதவி. முகவரி சொல்லுங்க."

பதில் இல்லை. மூச்சு மட்டும் கேட்டது. திரையில் எண் தெரிந்தது. அந்த எண்ணைப் பார்க்கவே தேவையில்லை, அந்த மூச்சு அவளுக்குத் தெரியும். ஒன்பது வயதில் காய்ச்சலோடு படுத்திருந்தபோது தலைமாட்டில் கேட்ட மூச்சு.

"முகவரி சொல்லுங்க" என்றாள் மறுபடியும். குரல் அவளுடையதாகவே இல்லை.

பிறகு, "கு... கு..." என்று கேட்டது. அப்புறம் அண்ணன் சிரித்தார். அவளுடைய குரலைக் கேட்டுவிட்ட சந்தோஷத்தில் வாய் விட்டுச் சிரித்தார். இருபத்தாறு தடவை எடுக்காத குட்டி இன்றைக்கு முதல் மணியிலேயே எடுத்துவிட்டாளே. பின்னால் அண்ணியின் குரல், "யாருக்குங்க போட்டீங்க? குடுங்க இப்படி" என்று நெருங்கி வந்தது. அவர் கொடுக்கவில்லை. இன்னும் சிரித்துக்கொண்டிருந்தார்.

எழுந்து நிற்க வேண்டும் என்பது சட்டம். குட்டி எழவில்லை. இன்னும் கொஞ்சம், இன்னும் ஒரே ஒரு நிமிஷம் என்று காதுக்கருவியை இரண்டு கையாலும் அழுத்திக்கொண்டாள். "அண்ணா" என்று சொல்ல வாயெடுத்தாள்.

சுவரில் சிவப்பு விளக்கு எரிந்தது. நாலு பேரும் பேசிக்கொண்டிருந்தார்கள். வெளியே யாரோ ஒருவர் காத்திருந்தார்.

குட்டி அண்ணனின் இணைப்பைத் துண்டித்தாள். அடுத்த மணி உடனே அடித்தது.

"அவசர உதவி. முகவரி சொல்லுங்க" என்றாள்.